கடைசிக் கை

அன்பு மகள் லதீஃபாவுக்கு, மட்டாஞ்சேரியிலிருந்து உன் அத்தா பரீத் சொல்லச் சொல்லச் சாயாக்கடை செல்லப்பா எழுதுவது. அஸ்ஸலாமு அலைக்கும். ஆண்டவன் கிருபையால் இங்கே எல்லாரும் கை கால் சுகத்தோடு இருக்கிறோம், ஜபல்பூர்க் குளிரில் நீயும் அப்படியே இருக்கத் துஆ செய்கிறேன். இது அமெரிக்காக்காரன் வானத்தில் விட்ட ஸ்கைலாப் விழுந்த வருஷம். நம் கூரையைப் பார்த்துத்தான் வருகிறது என்று உன் அம்மா ரம்லத் கட்டிலுக்கு அடியில் பாய் விரித்துப் படுத்தாளே, அதே வருஷம். அது எங்கேயோ கடலுக்கு அப்பால் போய் விழுந்தது, நம் வீட்டில் விழுந்தது பூஜா லீவுக்கு நீ வந்திருந்தபோது என் வாயிலிருந்து வந்த சொல்தான். ஹஜ்ஜுப் பெருநாளுக்கும் உன் கடிதம் வரவில்லை. உன் அம்மா வாசலில் நின்று தபால்காரரைப் பார்ப்பாள், அவர் தலையை ஆட்டிவிட்டுப் போவார், அவள் உள்ளே வந்து என்னை ஒன்றும் கேட்கமாட்டாள். கேட்டிருந்தால் பரவாயில்லை. முழங்கால் வலி அவளுக்குக் குறைந்திருக்கிறது. உன் தம்பி ஷௌகத் அலி வைட்டிலாப் பக்கம் ரோட்டு வேலைக்கு லாரி ஓட்டுகிறான், உடம்பெல்லாம் செம்மண்ணாக வருகிறான், அவனும் என்னோடு அளந்துதான் பேசுகிறான்.

யுத்தம் தொடங்கி நாற்பது வருஷம் ஆயிற்று என்று நம் தெரு நூலகம் வாயனசாலைக்காரர்கள் உன்னைப் பேசக் கூப்பிட்டார்கள். நம் தெருவிலிருந்து காலேஜில் சரித்திரம் சொல்லிக்கொடுக்கப் போன பெண் என்று நோட்டீசு ஒட்டியிருந்தார்கள், அதைச் செல்லப்பாவை மூன்று தடவை வாசிக்கச் சொல்லிக் கேட்டுவிட்டு, சலவை முண்டு உடுத்து முன்வரிசையில் உட்கார்ந்தேன். ஹிட்லர் போலந்துக்குள் படையை அனுப்பினான், யுத்தம் வந்தது, பர்மா அரிசி நின்றது, எங்களுக்குத் தெரிந்தது அவ்வளவுதான். நீ அங்கேதான் கேள்வியே தொடங்குகிறது என்றாய். கரும்பலகையில் ஒரு வட்டம் போட்டு, எல்லாம் அந்த ஒரு மனிதனின் வெறி என்று சில சரித்திரக்காரர்கள் சொல்கிறார்கள் என்றாய். இன்னொரு வட்டம் போட்டு, அதற்கு முந்தைய யுத்தம் முடிந்தபோது குற்றம் முழுவதும் உன்னுடையது என்று ஜெர்மனியிடம் கையெழுத்து வாங்கினார்களே, அந்தப் புண்ணில்தான் அவன் முளைத்தான் என்று வேறு சிலர் சொல்கிறார்கள் என்றாய். வேலையில்லாமல் தெருவில் நின்ற ஜனம் ஒரு வட்டம், சண்டைக்குப் பயந்து அவன் கேட்டதையெல்லாம் விட்டுக்கொடுத்த தேசங்கள் ஒரு வட்டம். முன்பெல்லாம் ராஜாவும் மந்திரியும் எழுதிவைத்ததைத்தான் படித்தார்கள், இப்போதுதான் யாரும் கேட்காமல் விட்டவர்களிடமும் போய்க் கேட்கத் தொடங்கியிருக்கிறார்கள் என்றும் சொன்னாய். பார், ஒன்றையும் மறக்கவில்லை. அப்போது ரேஷன்கடை வெங்கிட்டு எழுந்து, இத்தனை வட்டம் போட்டா என்னத்துக்கு மோளே, யாரு காரணம்னு ஒத்த வாக்குல சொல்லிட்டா நாங்க சாயா குடிக்கப் போவோமே என்றார். நீயும் சிரித்துக்கொண்டே, சுட்டவன் சுட்டவன்தான் மாமா, அவனை யாரும் விடலை, ஆனா எல்லாத்தையும் ஒரே ஆள் தலையில வெச்சுட்டா மத்தவங்க கையை உதறிட்டு வீட்டுக்குப் போயிடுவாங்க என்றாய். அந்த நிமிஷம் நான் எழுந்தேன். கை இல்லாம மூட்டை விழுமா, விழவெச்ச கையைக் காட்டாம ஊர்ல உள்ளவங்க கையையெல்லாம் எண்ணுறியே, கொன்னவனுக்கு வக்காலத்து வாங்கவா உன்னைப் படிக்க வெச்சேன், இதுக்கா உனக்குச் சம்பளம் என்று கத்தினேன். ராவுத்தர் கோடதி கூட்டித் தீர்ப்பும் சொல்லியாச்சு, இனி சரித்திரம் வேண்டாம் என்று பின்னாலிருந்து யாரோ ஒருவன் என்னைச் சொன்னான், ஹால் முழுவதும் சிரித்தது. நீ சாக்குக்கட்டியைக் கீழே வைத்தாய். நீ யாரையும் பார்க்காமல் வட்டங்களை ஒவ்வொன்றாக நீயே அழித்தாய். மறுநாள் உன் அம்மா சுட்ட அரிசிப் பத்திரியைத் தொடாமல் ரயிலுக்குப் போனாய். செல்லப்பா இந்த இடத்தில் பேனாவை நிறுத்தி, இதெல்லாம் வேணுமா ராவுத்தரே, நலம் விசாரிச்சு முடிச்சிடலாமே என்கிறான். எழுது என்கிறேன்.

நான் ஏன் கத்தினேன் என்று நீ நினைத்திருப்பாய், படிப்பில்லாத கிழவன், மகள் பெரிய ஆளானது பொறுக்கவில்லை என்று. அதுவல்ல தாயே. நீ வட்டம் போடப் போட எனக்கு யுத்தம் தெரியவில்லை, பண்டகசாலையில் அரிசி மூட்டை அடுக்கிய அட்டிதான் தெரிந்தது. மூட்டை தூக்கும் எங்கள் சுமட்டுக்காரர்களுக்குள் ஒரு வழக்கம் உண்டு. மூட்டை விழுந்தாலோ கிழிந்தாலோ யாரும் வாதம் செய்யக் கூடாது, கடைசியாகத் தொட்டவன் நடுவில் வந்து மூட்டைமேல் உள்ளங்கையை வைத்து, என் கை என்று சொல்ல வேண்டும், சொன்னதும் விஷயம் முடிந்தது, வேலை நடக்கும். கிழிந்த மூட்டைக்கு அது நல்ல வழக்கம்தான். துறைமுகக் கூலிகள்மேல் போலீசு சுட்டார்களே, நீ தொட்டிலில் கிடந்த வருஷம், அந்த வருஷக் கடைசியில் நம் பண்டகசாலையில் அட்டி சரிந்து பிச்சைமணி செத்தான். அவனும் நானும் ஒரே மூட்டைக் கொக்கியை மாற்றி மாற்றிப் பிடித்தவர்கள். வேலைநிறுத்தம் முடிந்து சரக்கு வள்ளங்கள் எல்லாம் ஒன்றாகத் துறைக்கு வந்து நின்றன, முதலாளி அட்டியை வழக்கத்தைவிட உயர்த்தி அடுக்கச் சொன்னார். மேலேயிருந்து இறக்க நேரமில்லை, பக்கத்திலிருந்து உருவுங்கடா என்றார் எங்கள் கூலிக்கூட்டத்து மூப்பன் இசக்கிமுத்து. நான் உருவினேன், மறுபக்கம் நின்ற பிச்சைமணிமேல் அட்டி சரிந்தது. மூட்டைகளை நீக்கி அவனை எடுத்தபிறகு எல்லாரும் என்னைப் பார்த்தார்கள், நான் நடுவில் போய் மூட்டைமேல் கை வைத்து, என் கை, என் கை என்று அழுதேன். முதலாளி என் தோளைத் தட்டினார். அப்புறம் யாரும் எதையும் கேட்கவில்லை. பரீத் மறைக்கத் தெரியாதவன், நெஞ்சு சுத்தமுள்ளவன் என்று பஜாரில் எனக்குப் பெயர் வந்தது. உன் கல்யாணப் பேச்சு வந்தபோதுகூட அந்தப் பெயரைத்தான் சொன்னார்கள். அட்டி என்று ஒரு சொல் நம் வீட்டில் யாரும் சொல்லக் கூடாது என்று வைத்திருந்தேன், அதனால்தான் உனக்குத் தெரியாது.

நீ போன பிறகு ஒரு நாள் படகுத்துறைக்குப் போனேன். அங்கே காய்கறிக் கூடை வைத்திருக்கும் மாயம்மாளை உனக்குத் தெரியும், வெண்டைக்காய் ஒடித்துப் பார்த்தால் திட்டுவாளே, அவள் பிச்சைமணியின் பெண்டாட்டி. அட்டி சரிந்த அன்றைக்கு அவளும் பண்டகசாலையில் சிந்திய அரிசி கொழித்துக்கொண்டிருந்தாள். இத்தனை வருஷமாக அவள் முகம் பார்க்க முடியாமல் அந்தப் பக்கம் போனால் தலையைக் குனிந்துகொள்வேன். இந்தத் தடவை அவளே கூப்பிட்டாள். ஓய் ராவுத்தரே, நில்லும் என்றாள். உம்ம மவ பேசுனப்போ நான் பின்னால நின்னேன், எழுதப் படிக்கத் தெரியாத எனக்கே வெளங்கிச்சு, உமக்குத்தான் வெளங்கலை என்றாள். அப்புறம் சொன்னாள். அட்டிக்கு அடியில் போடும் கட்டைகளை அது சரிந்ததற்கு முந்தின நாள் வள்ளத்துக்குப் பாலம் போடக் கணக்கப்பிள்ளை எடுத்துப்போனாராம், ஈரத் தரையிலேயே மூட்டை அடுக்கினார்களாம், அடிமூட்டை ஊறிக் குழைந்து கிடந்ததாம், இவள் கண்ணால் பார்த்துக் கணக்கப்பிள்ளையிடம் சொன்னாளாம், உன் முறத்தைப் பாருடி என்றாராம். இதை அப்போதே சொல்லியிருக்கலாமே என்று கேட்டேன். கேட்டதற்கு என் நாக்கை வெட்ட வேண்டும். யாரு கேட்டா, கொழிக்கிறவ வாயில என்ன இருக்கும்னு எந்த ஆம்பளைக்குத் தோணிச்சு, நீரு என் கை என் கைன்னு நெஞ்சுல அடிச்சீரு, நான் நஷ்டஈடு கேட்டு முதலாளி வீட்டு வாசல்ல போயி நின்னா, ராவுத்தரே ஏத்துக்கிட்டாரு, அங்க போயிக் கேளுங்கிறாரு, நீரு நல்லவரு ஆனீரு, நான் கூடை தூக்கினேன் என்றாள். கோபமாகக்கூடச் சொல்லவில்லை, முருங்கைக்காயைக் கட்டிக்கொண்டே சொன்னாள். மகளே, இத்தனை காலம் நான் வெட்கப்பட்டது மூட்டையை உருவியதற்கு. அது சும்மா வெட்கம், அதில் எனக்கு ஒரு சுகம்கூட இருந்திருக்கிறது. குற்றம் முழுவதையும் நானே வாங்கிக்கொண்டு மற்றவர்களை வீட்டுக்கு அனுப்பிவிட்டேன், அவள் வீட்டில் உலை வைக்க வழியில்லாமல் போனது அந்த நேர்மையால். நீ அன்று அதைத்தான் வேறு தேசத்தை வைத்துச் சொல்லிக்கொண்டிருந்தாய். எனக்குள்ளே ஏதோ அதைக் கேட்டுப் பயந்துதான் உன் வாயை அடைத்தது. நீ என்னைக் குறைத்துச் சொல்லவில்லை. என் கை அதில் இல்லை என்றும் நான் இப்போது சொல்லவரவில்லை, இருந்தது, ஆனால் அது ஒரு வட்டம்தான்.

போன வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து வாயனசாலைச் செயலாளரிடம் போய், என் மகள் பேச்சு பாதியில் நின்றது என்னால், மறுபடி ஒரு நாள் வேண்டும் என்று கேட்டேன். வெங்கிட்டு பக்கத்தில் இருந்துகொண்டு, வாயைக் கட்டிக்கிட்டு உட்காருவியாடே என்றார். உட்காருவேன் என்றேன். கிறிஸ்துமஸ் லீவில் வருவாய் என்றால் தேதி குறிப்பார்கள். வர மனமில்லை என்றால் வற்புறுத்தமாட்டேன், ஒரு கார்டு போடு, உன் அம்மாவுக்குப் போட்டால் போதும், எனக்கு வேண்டாம். வெந்நீர் குடி, காதை மூடிக்கொண்டு வெளியே போ, ரயிலில் ஜன்னலோரம் உட்கார்ந்து கழுத்துச் சங்கிலி தெரிய வைக்காதே. படைத்தவன் உன் நாவுக்கு இன்னும் பலம் தரட்டும், உன் பேச்சைக் கேட்கும் காதுகளையும் தரட்டும். வரும்போது ஒன்று மட்டும் நினைவில் வை. எழுதிவைத்ததையெல்லாம் தேடிப் படித்தவள் நீ, அட்டி சரிந்த கதை எங்கும் எழுதியிராதது. முதலாளி போய்விட்டார், கணக்கப்பிள்ளை அவருக்கு முன்பே போனார், இசக்கிமுத்து போன ஆடியில் கும்பளங்கியில் மகள் வீட்டில் கண்ணை மூடினார், என் வாயிலிருந்து வருவது என் கை என்ற ஒரே சொல்தான், அதை நம்பாதே. படகுத்துறையில் போய் உட்கார்ந்து கேள், அன்று அங்கே இருந்தவர்களில் கேட்பதற்கு இனி உயிரோடிருப்பது மாயம்மாள் ஒருத்திதான்.

இப்படிக்கு, தலைகுனிந்து உன் அத்தா பரீத், இடது பெருவிரல் ரேகை.