வலிச்சாங்க என்றுதான் சொன்னேன்

ஜூலை 8, செவ்வாய்

காலை லோக்கலில் உட்கார இடமில்லை. நெமிலிச்சேரியில் ஏறி அம்பத்தூர் வரை நின்றே போனேன். கல்லூரி நீச்சல் குளத்தில் பெண்கள் உடை மாற்றும் அறையைக் கழுவிவிட்டு, நீச்சல் கோச் ஆக்னஸ் மேடத்தின் படங்களைத் துடைத்தேன். முன்னறைச் சுவர் முழுக்க அவர்தான். ரயில்வே அணியில், தேசியப் போட்டியில், ஒலிம்பிக்கில். ஒலிம்பிக் படத்தில் தொப்பியில் இந்தியா என்று இருக்கிறது. முகம் சரியாகத் தெரியாது. தண்ணீர்.

குளத்துக் காவலுக்கு இருக்கும் யூசுப் அண்ணன் வழக்கம்போல ஆரம்பித்தார். "ஒரே ஒரு ரவுண்டு நீஞ்சினாங்க, ஊட்டுக்கு அனுப்ச்சிட்டானுங்க. அதுக்கு இம்மாம் போட்டோ. நான் டெய்லி இங்கதான் கீறேன், எம் போட்டோ ஒண்ணு கீதா பாரு." நான் அடுத்த படத்தைத் துடைத்தேன். "சிரிச்சா பல்லு கொட்டிடுமா?" என்றார்.

மாணவிகள் வருவதற்கு முன் மேடம் தனியாக நீந்துவார். தண்ணீர் சத்தமே போடாது. அதைப் பார்க்கத்தான் நான் சீக்கிரம் போகிறேன். ஒரு வருடம் ஆகப்போகிறது, அவருக்கு என் பெயர் தெரியாது. "ஏம்மா" என்பார்.

வீட்டுக்குள் நுழைந்ததும் அம்மா, "கதவ வலிச்சி சாத்துடி, நாய் உள்ள பூந்துடும்" என்றாள். சாத்தினேன். இன்று பேசிய பேச்சு இவ்வளவுதான். அதுவும் அம்மா பேசியது.

ஜூலை 10, வியாழன்

நீச்சல் அணியில் இருக்கும் நிஷா அக்காவை ஆம்புலன்ஸில் கொண்டுபோனார்கள்.

மூச்சுப் பயிற்சி நடந்தது. மாணவிகள் நீந்தி வரும்போது மேடம் அடியில் போய்க் காலைப் பிடித்து உள்ளே இழுப்பார். திமிறி மேலே வர வேண்டும். இது எப்போதும் நடப்பதுதான். மற்றவர்கள் முடித்துக் குளிக்கப் போய்விட்டார்கள். யூசுப் அண்ணன் மோட்டார் அறையில் இருந்தார். நிஷா அக்கா மட்டும் மீதி. நான் கண்ணாடிக் கதவுக்கு இந்தப் பக்கம் துடைப்பத்தோடு நின்றேன்.

அக்கா மேலே வந்து, கையை ஆட்டி, "வேணாம் மேடம், முடியல" என்றார். மேடம் திரும்ப இழுத்தார். மறுபடி தலை தெரிந்தது. மறுபடி இழுத்தார். அதற்குப் பிறகு தண்ணீர் அசையவில்லை.

மேடமேதான் தூக்கிக்கொண்டு வந்து கரையில் போட்டார். அவரே நெஞ்சை அழுத்தினார், வாயில் ஊதினார். கை நடுங்கவேயில்லை. அக்கா தண்ணீரைக் கக்கினார். உயிர் இருக்கிறது என்றார்கள்.

கரையில் ஈரமாக இருந்தது. துடைத்தேன்.

ஜூலை 11

சாப்பிட்டேன். வேலைக்குப் போனேன். தூங்கினேன்.

ஜூலை 16, புதன்

நிஷா அக்கா ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு வந்துவிட்டார். கல்லூரி முதல்வரிடம் புகார் கொடுத்திருக்கிறார். வேண்டாம் என்று கெஞ்சியும் மேடம் உள்ளே இழுத்தார் என்று. மேடம் சொல்வது வேறு. அவளுக்குத் தசை பிடித்துக்கொண்டது, மூழ்கினாள், நான் காப்பாற்றினேன் என்கிறார். விசாரணைக் குழு போட்டிருக்கிறார்கள். அதுவரை மேடம் குளத்துக்கு வரக்கூடாது.

அக்காவோடு சேர்ந்து கையெழுத்துப் போட்ட இரண்டு பெண்கள் பின்வாங்கிவிட்டார்கள். மாநிலப் போட்டி வருகிறது. மேடம் இல்லாமல் யார் கூட்டிப்போவார்கள்?

அப்பாவிடம் சொன்னேன். அவர் அம்பத்தூர் எஸ்டேட் கம்பெனியில் லோடு ஏற்றிவிட்டு வந்து குளித்துக்கொண்டிருந்தார். "பெரிய எடத்து வெவகாரம். கேட்டா சொல்லு. கேக்கலியா, மூடிகினு இரு." அம்மா உள்ளிருந்து, "அவளுக்கு அத சொல்லணுமா? வாயில கொயக்கட்ட வச்சிகினுதான பொறந்தா" என்றாள்.

பத்தாம் வகுப்புக்கு நான் போகாததற்கு அம்மாவின் இடுப்பு வலிதான் காரணம் என்று எல்லோரிடமும் சொல்கிறோம். அவள் வேலையை நான் எடுத்துக்கொண்டேன், உண்மைதான். ஆனால் எழுந்து நின்று பாடம் வாசிக்கச் சொன்னால் எனக்குக் குரல் வராது. இனி யாரும் வாசிக்கச் சொல்ல மாட்டார்கள் என்பதுதான் அன்று பெரிய நிம்மதி.

ஜூலை 22, செவ்வாய்

கேட்டுவிட்டார்கள்.

குளத்தில் கேமரா இல்லை. அந்த நேரத்தில் உள்ளே இருந்தது யார் என்று விசாரித்து என்னைக் கூப்பிட்டார்கள். ஏசி அறை. மூன்று பேர், தட்டச்சு செய்ய ஒருவர். நடுவில் இருந்தவர் ஒரு பேராசிரியை. மதுரைப் பக்கத்துப் பேச்சு; மற்றவர்கள் பேச்சும் எங்கள் பக்கம் இல்லை. "பயப்படாதம்மா. பாத்தத மட்டும் சொல்லு" என்றார்.

தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னேன். "நிஷாக்கா மேல வந்தாங்க. மேடம் கால வலிச்சி, உள்ள பூட்டாங்க."

"சத்தமாச் சொல்லும்மா."

இன்னொரு முறை சொன்னேன். தட்டச்சுக்காரர் வாசித்துக் காட்டினார். மேலே வந்தார், கால் வலித்து உள்ளே போய்விட்டார். சரிதானே என்றார்கள். தலையாட்டினேன். கையெழுத்துப் போட்டேன்.

சொல்லிவிட்டேன். குரல் மெதுவாகத்தான் வந்தது. ஆனாலும் சொல்லிவிட்டேன்.

ஆகஸ்ட் 4, திங்கள்

ஆக்னஸ் மேடம் திரும்ப வந்துவிட்டார். குற்றம் நிரூபணம் ஆகவில்லையாம்.

மாணவிகள் கை தட்டினார்கள். மேடம் நேராக என்னிடம் வந்தார். "உன் பேர் என்னம்மா?" சொன்னேன். "சுவேதா," என்று ஒரு தடவை சொல்லிப் பார்த்துக்கொண்டார். என் கையைப் பிடித்தார். "நீ சொன்ன ஒரு வார்த்தைதான் என்னைக் காப்பாத்துச்சு. இத்தன வருஷம் நான் நீந்தினதெல்லாம் ஒண்ணுமில்லாம போயிருக்கும்." பிறகு, "என் கோச் என்னை மயக்கம் வர வரைக்கும் உள்ள புடிச்சி வெச்சிருக்கார். நான் யார்கிட்டயும் போய் அழல. அதனாலதான் அவ்ளோ தூரம் போனேன்" என்றார்.

சூப்பர்வைசர் என்னை நிரந்தரம் ஆக்கப்போகிறாராம். மேடம் சொல்லியிருக்கிறார். அம்மா தெரு முழுக்கச் சொல்லிவிட்டாள்.

எனக்குப் புரியவில்லை. அவர் செய்ததைத்தான் சொன்னேன். அதைக் கேட்டும் குற்றமில்லை என்று முடிவு செய்திருக்கிறார்கள் என்றால் அது தப்பில்லை போல. படித்தவர்கள். அவர்களுக்குத் தெரியாதா?

ஆகஸ்ட் 6, புதன்

நெமிலிச்சேரி ஸ்டேஷனில் இறங்கினால் நிஷா அக்கா நிற்கிறார். முத்தாபுதுப்பேட்டையிலிருந்து எனக்காக வந்திருக்கிறார். மெலிந்துவிட்டார். பேசும்போது இருமல்.

"எனக்குக் கால் வலின்னு சொன்னியாமே. எவ்ளோ குடுத்தாங்க?"

அக்கா இருமிவிட்டுத் தொடர்ந்தார்.

"பொய்ப் புகார்னு மன்னிப்பு எழுதிக் குடுக்கணுமாம். இல்லன்னா ஸ்போர்ட்ஸ் கோட்டா சீட்டு போச்சு. இருபதாந்தேதிக்குள்ள. எங்கம்மாவே கேக்குது, நிஜமா உனக்குக் கால் புடிச்சிகிச்சாடின்னு. கண்ணாடிக்கு அந்தாண்ட நீ நின்னத நான் பாத்தேன். நீதான் இருக்கன்னு நம்பிகினு இருந்தேன்."

"வலிச்சாங்கன்னுதான் சொன்னேன்," என்றேன்.

"அதத்தான் நானும் சொல்றேன், வலிச்சுதுன்னு நீ—" அக்கா அப்படியே நின்றுவிட்டார். "இரு. யார் வலிச்சாங்கன்னு சொன்ன?"

"மேடம். மேடம் கால வலிச்சாங்க. உள்ள."

அக்கா நெற்றியில் அடித்துக்கொண்டார். "அடிப்பாவி. விசாரிச்சவங்களுக்கு நம்ம வலிக்கிறது தெரியாதுடி. அவங்க ஊர்ல வலின்னா நோவுதான். மேடம்னு நீ கூப்புடறன்னு நெனச்சிகினாங்க. கால் வலி, முழுகிட்டேன்னு எழுதிட்டாங்க."

ரயில் ஒன்று போனது. பேச்சை நிறுத்தி, அது போகும்வரை நின்றோம். பிறகு அக்கா, "திரும்பப் போய்ச் சொல்லுவியா?" என்று கேட்டார்.

ஆகஸ்ட் 7

நான் சரியாத்தான் சொன்னேன். சரியாத்தான் சொன்னேன். இங்க எழுதும்போது இழுத்தார்னு எழுதத் தெரியுது, அங்க வாய்ல ஊட்டுப் பேச்சுதானே வந்துச்சு. அது என் தப்பா? அவங்க ஒரு வார்த்த கேட்டிருக்கலாம் இல்ல, எப்டி வலிச்சுது, எங்க வலிச்சுதுன்னு—

ஆகஸ்ட் 9, சனி

அம்மாவுக்குத் தெரிந்துவிட்டது. "ஒரு வாட்டி சொல்லிட்ட. முடிஞ்சிது. தப்பா புரிஞ்சிகினது அவங்க, உனுக்கு இன்னா? பர்மனென்ட் ஆவுற நேரத்துல போயி வாய தொறப்பாளாம். இத்தினி வருசம் தொறக்காத வாயி."

அப்பா கேட்டுக்கொண்டே சாப்பிட்டார். கை கழுவும்போது, "அந்தப் பொண்ணுக்கு மூச்சு இன்னும் சரியாவலியா?" என்றார். இருமுகிறது என்றேன். போ என்றும் சொல்லவில்லை, போகாதே என்றும் சொல்லவில்லை.

ஆகஸ்ட் 11, திங்கள்

காலையில் மேடம் நீந்தினார். கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நின்று பார்த்தேன். இன்றும் அழகாகத்தான் நீந்தினார். அதுதான் எனக்கு ஒரு மாதிரி இருந்தது.

மதிய இடைவேளையில் அந்தப் பேராசிரியையின் அறைக்குப் போனேன். டிபன் பாக்ஸைத் திறந்து வைத்திருந்தார். "என்னம்மா?" என்றார். குரல் வரவில்லை. நின்றுகொண்டே இருந்தேன். "காசு எதுவும் வேணுமா?" என்றார். இல்லை என்று தலையாட்டினேன். அவர் சாப்பிட ஆரம்பித்தார்.

எதிரில் ஒரு நாற்காலி இருந்தது. அதன் காலைப் பிடித்து இழுத்தேன். தரையில் கிறீச்சென்று கத்திக்கொண்டு வந்தது.

"ஏய், என்ன பண்ற?"

"இதான் மேடம் வலிக்கிறது," என்றேன். "எங்க ஊட்ல இதத்தான் வலிக்கிறதுன்னு சொல்லுவோம்."

அவர் என்னைப் பார்த்தார். நாற்காலியைப் பார்த்தார். கையில் எடுத்த சோறு கையிலேயே இருந்தது.

"அப்ப நிஷாவுக்குக் கால் வலி இல்லையா?"

"இல்ல மேடம். ஆக்னஸ் மேடம்தான் வலிச்சாங்க. வேணாம்னு சொல்லச் சொல்ல வலிச்சாங்க."

அவர் டிபன் பாக்ஸை மூடிவிட்டார். "உக்காரும்மா," என்றார். இழுத்த நாற்காலியிலேயே உட்கார்ந்தேன்.

ஆகஸ்ட் 14, வியாழன்

திரும்பவும் மூன்று பேர். இந்த முறை தட்டச்சு செய்ததை என் கையில் கொடுத்தார்கள். வாசிக்க நேரமானது. யாரும் அவசரப்படுத்தவில்லை. 'இழுத்தார்' என்று இருந்தது. ஓர் இடத்தில், பயிற்சிக்காக இழுத்தார் என்று இருந்தது. 'பயிற்சிக்காக' என்பதை நான் சொல்லவில்லை என்றேன். எடுத்துவிட்டார்கள்.

யூசுப் அண்ணன் வாசலில் நின்றிருந்தார். இன்று கிண்டல் செய்யவில்லை.

ஆகஸ்ட் 29, வெள்ளி

ஆக்னஸ் மேடத்தைப் பணியிலிருந்து நீக்கிவிட்டார்கள். நிஷா அக்கா மன்னிப்பு எழுத வேண்டாம், சீட்டும் இருக்கிறது. ஆனால் அவர் இனிமேல் நீந்தப்போவதில்லையாம்.

மேடம் தன் சாமான்களை எடுக்க வந்தார். படங்களைச் சுவரிலிருந்து கழற்ற யூசுப் அண்ணன் உதவினார். நான் ஒதுங்கி நின்றேன். போகும்போது என் முன்னால் நின்றார்.

"சுவேதா. உனக்கு நான் என்ன பண்ணேன்?"

எனக்கு ஒன்றும் பண்ணவில்லை. அதுதான் உண்மை. அதைக்கூடச் சொல்லவில்லை நான்.

அணியில் ஒரு பெண் என் காதுபடச் சொன்னாள். "ஒலிம்பிக் போனவங்கள தொடப்பக்கட்ட தூக்குறவ தூக்கிட்டா."

மாலையில் சூப்பர்வைசர், இந்த மாதத்தோடு போதும் என்றார்.

செப்டம்பர் 8, திங்கள்

அம்மா இன்றைக்குத்தான் என்னிடம் பேசினாள். சோற்றுப் பாத்திரத்தைக் கொடுத்து, "மத்தியானம் துன்னு" என்றாள்.

அப்பா சொல்லி வைத்த இடத்தில் வேலை. அம்பத்தூர் எஸ்டேட்டில் நட்டு போல்ட்டு பொட்டலம் கட்டும் கம்பெனி. மேஜைக்கு எதிரே கோமளா என்று ஓர் அக்கா. வேலையைக் காட்டிக்கொடுத்துக்கொண்டே விசாரித்தார்.

"முன்ன எங்க இருந்த?"

"காலேஜ்ல. நீச்சல் குளத்துல."

"நல்ல எடமாச்சே. ஏன் நின்னுட்ட?"

"நிறுத்திட்டாங்க."

"அய்யய்யோ. இன்னா பண்ண?"

"பேசினேன்," என்றேன்.

கோமளா அக்கா பொட்டலத்தை வைத்துவிட்டு என்னை மேலும் கீழும் பார்த்தார். பிறகு சிரித்தார்.

"நீயா?"