பந்து ஒருமுறை ஓடி நிற்கும் வரை

டன்ஹாம் கல்லூரி, பென்சில்வேனியா
3 அக்டோபர் 1926

அன்புள்ள வெரோனா அக்காவுக்கு,

நான் நலம். முழங்கைத் தோல்தான் கொஞ்சம் மைதானத்தில் தங்கிவிட்டது. பந்தைக் கையில் தூக்கிக்கொண்டு ஓடும் இந்த அமெரிக்கக் கால்பந்தில் இரண்டு ஆட்டம் ஆடினோம், இரண்டிலும் ஜெயம். ஆனால் உன் தம்பி பெஞ்சில்தான். வாரன் என்று ஒரு மலை இருக்கிறான். பந்தை அக்குளில் இடுக்கிக்கொண்டு ஓடினால், மூன்று பேர் முதுகில் தொங்கினாலும் நிற்கமாட்டான். அவன் விழுந்தால்தான் எனக்கு வழி.

ஒரு விதி சொல்கிறேன், சிரி. மாற்று ஆளாக இறங்குகிறவன், பந்து ஒருமுறை ஓடி நிற்கும் வரை தன் அணியிடம் வாய் திறக்கக் கூடாது. கோச் அவன் மூலம் தந்திரம் சொல்லி அனுப்பிவிடுவாராம். பேசினால் அணி பதினைந்து கஜம் பின்னால் போக வேண்டும்.

அப்பா என்னைப் பற்றிக் கேட்டாரா? கேட்காவிட்டால் கேட்டார் என்று எழுதாதே.

உன்,
பாவோல்

கார்டர்ஸ் ரன்
10 அக்டோபர் 1926

என் பாவோலுக்கு,

சிரித்துச் சிரித்து பிரோகிக் கொழுக்கட்டை மாவில் கண்ணீர் விழுந்துவிட்டது. தேவாலயப் பூசையில்கூட வாயை மூடாத உனக்கா இந்த விதி! கடவுள் கண் திறந்துவிட்டார்.

அப்பா கேட்கவில்லை. இரண்டு வருடமாக உன் பெயர் அவர் வாயில் வந்ததில்லை, "அவன்"தான். நிலக்கரிச் சுரங்கத்தில் தன் பக்கத்திலேயே வேலை பிடித்துக் கொடுத்தவரிடம், "எலி மாதிரி மண்ணுக்குள்ள கிடந்து சாக மாட்டேன்" என்று சொல்லிவிட்டுப் போனாயே, அது இன்னும் ஆறவில்லை. ஆனால் உன் கடிதம் வந்தால் நான் படித்து முடிக்கும் வரை பைப்பைப் பற்றவைக்காமல் உட்கார்ந்திருக்கிறார். நீயே புரிந்துகொள்.

வெரோனா

டன்ஹாம்
14 நவம்பர் 1926

அக்கா,

கெடுத்துவிட்டேன். ஆறு ஆட்டம் வரிசையாக ஜெயித்த அணியை நேற்று நான் கெடுத்துவிட்டேன். வாரனுக்கு மூச்சு வாங்கியது என்று கோச் என்னை இறக்கினார். எல்லைக் கோடு கைக்கெட்டும் தூரத்தில். எங்கள் ஆட்கள் தப்பான பக்கம் நிற்பதைப் பார்த்ததும், "டேய், வலது பக்கம் வாங்கடா!" என்று என்னையறியாமல் கத்திவிட்டேன். விசில். பதினைந்து கஜம். ஆட்டம் டிரா.

"உன் காலை நம்புறேன் தம்பி, வாயைத்தான் நம்பல" என்றார் கோச். கடைசி ஆட்டம் நன்றி நாள் விடுமுறையில், லோரிங் கல்லூரியோடு, அவர்கள் ஊரில். ஒன்பது வருடமாக அவர்களை நாங்கள் ஜெயித்ததில்லை. இனி என்னை இறக்குவார்களோ என்னவோ.

பாவோல்

கார்டர்ஸ் ரன்
19 நவம்பர் 1926

தம்பி,

பத்திரிகையிலேயே வந்துவிட்டது. தவளை தன் வாயால் கெடும் என்பார்களே, அது நீதான். சுரங்கத்தில் எவனோ அப்பாவிடம், "உன் மவன் வாய்க்குக் கடிவாளம் போட்டு அனுப்பக் கூடாதா?" என்று கேட்டிருக்கிறான். அதற்கு இவர், "கத்தினவன் வாயைப் பாக்குறியே, சரியான பக்கத்தைக் காட்டினானே, அவன் கண்ணைப் பாரு" என்றாராம். நம்ப முடிகிறதா?

இன்னொன்று. வியாழக்கிழமை லோரிங் ஊருக்குப் போகிறாராம், பூட்ஸ் வாங்க. நன்றி நாளில் எந்தக் கடை திறந்திருக்கும் என்று நான் கேட்கவில்லை. நானும் கிளம்புகிறேன்.

வெரோனா

டன்ஹாம்
26 நவம்பர் 1926

அக்கா!

அவசர எழுத்தைப் பொறுத்துக்கொள். நீ பார்த்ததுதான், ஆனாலும் உள்ளே நின்றவன் கதையைக் கேள்.

ஆட்டத்தின் கடைசிக் கால் பகுதி, மூன்றுக்குப் பூஜ்யம் என்று அவர்கள் முன்னால். வாரன் தோள் மூட்டு இறங்கி விழுந்தான். இருந்தது நான் ஒருவன்தான். கோச் என் காதில் ஒன்றுமே சொல்லவில்லை, தன் வாயைத் தானே பொத்திக் காட்டினார். வாரனைத் தூக்கிப் போகிறார்கள், மைதானமே மூச்சு விடவில்லை. லோரிங்கின் இடது ஓரத்து ஆள் நொண்டுவதை நான் பார்த்துவிட்டேன். சொல்ல முடியாமல் உதட்டைக் கடித்தேன், உப்புக் கரித்தது. ரெஃப்ரி என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்.

அப்போதுதான், "டேய் பாவோல்!"

நம் பழைய நாட்டு மொழியில், அந்தக் கரி ஏறிய குரலில். இரண்டு வருடம் கழித்து என் பெயர்! "அப்பா" என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால், புரியாத மொழியில் தந்திரம் சொல்கிறான் என்று விசில் ஊதியிருப்பார்கள். திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. பந்தையே பார்த்துக்கொண்டு நின்றேன்.

பந்து ஓடியது, நின்றது. ஒரு கஜம்கூட முன்னேறவில்லை. ஆனால் இனி நான் பேசலாம், வாய் திறந்துகொண்டது. "அந்த ஓரத்துல நொண்டுறான், பந்தை எங்கிட்டக் குடுங்கடா!"

கொடுத்தார்கள். நாற்பது கஜம், அக்கா! கடைசி ஐந்து கஜம் ஒருத்தன் என் காலைப் பிடித்துத் தொங்கினான், அவனையும் இழுத்துக்கொண்டுதான் எல்லைக் கோட்டைத் தாண்டி விழுந்தேன். கோட்டைத் தாண்டியதற்கு ஆறு, பிறகு உதைத்ததற்கு ஒன்று, ஏழுக்கு மூன்று. ஏழு ஜெயம், ஒரு டிரா, தோல்வியே இல்லை. இங்கே தேவாலய மணியை விடிய விடிய அடித்துக் கயிற்றையே அறுத்துவிட்டார்கள்.

பையன்கள் தோளில் தூக்கிக்கொண்டார்கள். இறங்கி வந்து தேடினால் உங்கள் ரயில் போய்விட்டது. அப்பா என்ன நினைத்தார்?

பாவோல்

கார்டர்ஸ் ரன்
29 நவம்பர் 1926

என் ராஜாவுக்கு,

நீ ஓடும்போது அப்பா முன்வரிசைக்காரர் தொப்பியைப் பிடுங்கி வானத்தில் வீசிவிட்டார். சண்டையாகிவிட்டது. அந்த மனிதர் லோரிங்காரர் வேறு!

ஆனால் ரயிலில் முகம் வாடிவிட்டது. "கூப்பிட்டேன். திரும்பல. கோபம் இன்னும் போகல போல" என்றார். பந்து ஓடி நிற்கும் வரை நீ வாய் திறக்கக் கூடாது என்ற விதியை நினைவுபடுத்தினேன்.  பிறகு சிரிக்க ஆரம்பித்தவர் நம் ஸ்டேஷன் வரும் வரை நிறுத்தவில்லை. "எம் மவன் வாயை மூடிட்டு நின்னான்! ரெண்டு வருஷப் படிப்பு வீண் போகல!"

பூட்ஸ் வாங்கவில்லை. நீ வந்தால் தர கசகசா ரொட்டி சுடச் சொல்லிவிட்டார். இப்போது என் பின்னால் நின்றுகொண்டு, "ஆட்டம்தான் முடிஞ்சிருச்சே, கூப்பிட்டதுக்குப் பதில் எங்கன்னு அவங்கிட்டக் கேளு" என்கிறார். இல்லை, திருத்துகிறார்: "பாவோல்கிட்டக் கேளு."

வெரோனா

டன்ஹாம்
1 டிசம்பர் 1926

அன்புள்ள அப்பா,

இதோ வர்றேன்ப்பா. சனிக்கிழமை மாலை ரயில்.

உங்கள்,
பாவோல்