நம்ம அடுப்படி வெயில்

அன்புள்ள பாப்பாவுக்கு,

அம்மா எழுதுகிறேன். நானும் அப்பாவும் சுகமாகத்தான் இருக்கிறோம், அப்பாவின் முழங்கால் மட்டும் சொன்ன பேச்சு கேட்பதில்லை, நீ அங்கே வேளைக்குச் சாப்பிட்டு நல்லபடியாக இருக்கிறாய் என்று நினைத்துக்கொண்டே எழுதுகிறேன். போன வாரம் நீ போனில் சொன்னதிலிருந்து மனசு ஒரு நிலையில் இல்லை. கூட்டாளி பாதியில் விலகிவிட்டார், இரண்டாவது படம் நின்றுவிட்டது, இனிமேல் சொந்தமாகப் படம் எடுக்கிற வேலையே வேண்டாம், ஊருக்கு வந்து கல்யாண வீடியோ எடுத்துப் பிழைத்துக்கொள்கிறேன் என்றாய். பொய் சொல்வானேன், எனக்கு உள்ளுக்குள் சந்தோஷம்தான். உன் அறை ஜன்னல் திரையைத் துவைத்துப் போட்டேன், உன் கட்டிலில் குவிந்திருந்த தையல் துணியையெல்லாம் அப்பாவின் மிஷின் பக்கம் தள்ளினேன். அவர் பார்த்துக்கொண்டே இருந்தார்.

அதற்குள் உன் முதல் படத்தை இங்கே பஸ் நிலையத்துக்குப் பின்னால் இருக்கிற தியேட்டரில் ஒரே ஒரு பகல் காட்சி போட்டார்கள், இருவரும் போனோம். கூட்டம் என்று சொல்ல முடியாது. படத்தில் வருகிற அந்த நர்ஸ் பெண் வேலை முடிந்து வந்து அடுப்படியில் தனியாக நிற்கிற இடம் வந்ததே, ஜன்னல் கம்பி வழியாக வெயில் சாய்வாக இறங்கி, கழுவிக் கவிழ்த்த டம்ளர்கள் மேல் பட்டு, சுவரில் நடுங்கிக்கொண்டு கிடந்தது. அப்பா என் கையைப் பிடித்து, "இது நம்ம அடுப்படி வெயில்" என்றார். அந்த அடுப்படியே நிஜமில்லை, ஏதோ கிடங்குக்குள் பலகை அடித்து, வெளியே விளக்கு வைத்து எடுத்தது என்று நீதானே சொன்னாய். அப்படியென்றால் அந்த வெயிலை எங்கிருந்து எடுத்தாய் பாப்பா. நாங்கள் மட்டும்தான் உன்னையே நினைத்துக்கொண்டு கிடக்கிறோம் என்றிருந்தேன்.

கடைசியில் பெயர்கள் ஓடும்போது எல்லோரும் எழுந்து திரையை மறைத்தார்கள். துணி தைக்கக் கொடுக்க வருகிறவர்களிடம்கூட அதிர்ந்து பேசாத மனுஷன், முழங்காலைப் பிடித்துக்கொண்டு எழுந்து, "கொஞ்சம் உட்காருங்க, எம்பொண்ணு பேரு வருது" என்றார். உட்கார்ந்தார்கள். ஒளிப்பதிவு என்று ஒருமுறை, தயாரிப்பு என்று ஒருமுறை உன் பெயர் வந்தது. வீடு வந்ததும் அப்பா செருப்பைக் கழற்றிக்கொண்டே, "அவ தோத்துப்போய் இங்க வரக் கூடாது, வேற எப்ப வேணும்னாலும் வரட்டும்" என்றார். எனக்கும் அதுதான் சரி என்று படுகிறது, அழுகையும் வருகிறது. வேறு கூட்டாளி தேடு, கிடைக்கும்வரை விளம்பரப் படம் எதற்காவது கேமரா பிடி, ஆனால் பாதியில் நிற்கிற படத்தை முடித்துவிடு.

எந்நேரமும் கேமராவைத் தோளிலேயே சுமக்காதே, கழுத்து வலிக்கு வெந்நீர் ஒத்தடம் கொடு. எடுத்த காரியம் கைகூடி நீ நிறைவாக இருக்க வேண்டும். எப்போது வருவாய் என்று மட்டும் இதில் எழுதக் கூடாது என்று அப்பா கண்டிப்பாகச் சொல்லியிருக்கிறார், அதனால் நான் கேட்கவில்லை.

இப்படிக்கு,
உன் அம்மா