உலைக் காட்சி

செவ்வாய், இரவு.

மூன்று முறை கதவுத் தாழ்ப்பாளைப் பார்த்துவிட்டேன்.

கும்மிடிப்பூண்டியில் பழைய இரும்பை உருக்கும் ஆலை முதலாளி ஒருவர் படம் எடுக்கப்போகிறார் என்று கேள்விப்பட்டு, இன்று கதை சொல்லப் போனேன். ஒருவனை உலையில் தள்ளிக் கொல்லும் காட்சி வந்ததும், கூட இருந்தவர்களை வெளியே அனுப்பினார்.

"இத உனக்கு யாரு சொன்னது?"

"நானே யோசிச்சதுண்ணே."

"செருப்பு ஒண்ணு வெளியில கெடந்துச்சே. அத உட்டுட்ட."

கையிலிருந்த கதைத் தாள்களை மடித்து வைத்தேன்.

"வேற யாருக்குனா சொன்னியா?"

ஐந்து தயாரிப்பாளர்கள் கேட்டு வேண்டாமென்ற கதை. ஆனால் ஒவ்வொருவரிடமும் சொல்லிப் பழகிய பொய்தான் வாயில் வந்தது.

"உங்ககிட்டதாண்ணே மொதல்ல சொல்றேன்."

அவர் முகம் தெளிந்தது. மணவாள நகரில் என் வீடு எந்தத் தெரு என்று கேட்டார்.

அதற்கு மட்டும் உண்மையைச் சொல்லிவிட்டேன்.