உன் கல்லில் கல்பாசி வந்திருக்கிறது, மச்சான்

மலையெல்லாம் என்னை இழுத்துக்கொண்டு திரிந்த என் சூசை மச்சானுக்கு,

முதலில் சேதியைச் சொல்லிவிடுகிறேன், நலம் விசாரிப்பதெல்லாம் அப்புறம். உன் கல்லறையில் கல்பாசி வந்திருக்கிறது! பொய்யில்லை மச்சான். உன் தலைமாட்டில் நட்ட கல்லில், வெயில் படாத பக்கம், என் உள்ளங்கை அகலத்துக்கு ஒன்று. அதைச் சுற்றிக் குஞ்சும் குளுவானுமாக இன்னும் சில. ஓரமெல்லாம் அப்பளம் பொரிந்த மாதிரி சுருண்டிருக்கிறது, அடிப்பக்கம் கன்னங்கரேல் என்றிருக்கிறது. எதற்காக நீ மரத்துக்கு மரம், பாறைக்குப் பாறை தொத்திக்கொண்டு கிடந்தாயோ, அது தானாக உன்னைத் தேடி வந்து உட்கார்ந்திருக்கிறது.

எனக்கு எழுத்து வராது என்று உனக்குத் தெரியும். நான் சொல்லச் சொல்ல உன் தங்கச்சி ஆரோக்கியம்தான் எழுதுகிறாள். மிஷன் பள்ளிக்கூடத்தில் அஞ்சாவது படித்த கை. "மெதுவாச் சொல்லுங்க, எங்கண்ணன் எங்கியும் ஓடிப்போகப் போறதில்ல" என்கிறாள். எழுதி முடித்ததும் கோயில் மாசப் பத்திரிகைக்குக் கொடுக்கப் போகிறோம். உன்னைத் தெரியாதவர்களும் படிப்பார்கள். அதனால் உனக்குத் தெரிந்ததையே திருப்பிச் சொன்னால் கோவித்துக்கொள்ளாதே.

கறிக்குழம்புக்குப் பட்டை, கிராம்போடு கல்பாசி என்று ஒன்று போடுகிறார்களே, கருகிய காகிதத் துண்டு மாதிரி, அது நம்ம மலையில் மரப்பட்டையிலும் பாறையிலும் ஒட்டி வளர்வது. நானும் நீயும் எஸ்டேட் வேலை இல்லாத நாளெல்லாம் அதைப் பொறுக்கி, நிழலில் காயவைத்து, சாக்கில் கட்டி அடிவாரத்துக் கடைக்குக் கொண்டுபோய்ப் போடுவோம். பனி காய்வதற்கு முன்னாடியே எடுக்க வேண்டும். ஈரத்தில் மெத்தென்று முழுசாக வரும், வெயில் ஏறிவிட்டால் நொறுங்கிப் போகும். நீ கத்தியே வைத்ததில்லை, கட்டைவிரல் நகத்தால் நெம்பி எடுப்பாய்.

எஸ்டேட்டில் ஆரஞ்சு மரம் பட்டுப்போக ஆரம்பித்தபோது, இதுதான் மரத்தின் சாற்றை உறிஞ்சுகிறது என்று கணக்கெழுதும் ரைட்டர் ஆள் விட்டுச் சுரண்டச் சொன்னார். சுரண்டிய இடத்தில் சுண்ணாம்பு பூசினார்கள். அவர்கள் முன்னால் சுரண்டிக்கொண்டு போக, நாம் பின்னால் சாக்கைப் பிடித்துக்கொண்டு போனோமே! "குப்பை அள்ற மகாராசாக்க வந்துட்டாங்க" என்று பொம்பளைகள் சிரிப்பார்கள். "சிரிங்க, சிரிங்க. உங்கூட்டுக் கொழம்புல வந்து மணக்கறன்" என்று நீ சொல்வாய்.

அப்போது ஆரம்பித்ததுதான் நம்ம சண்டை.

"மாப்ளே, இதுக்கு வேரு எங்கன்னு காட்டு பாக்கலாம்" என்றாய். பட்டையைப் பிளந்து பார்த்தோம். வேர் இல்லை. தண்டில்லை, இலையில்லை, பூவும் இல்லை. மனுசனுக்குத் தேமல் வருகிற மாதிரி இது மரத்தின் தோலில் வருவது என்றேன் நான். "அப்ப பாறைக்கும் தேமலா? பாறைக்கு ஏது மாப்ளே தோலு?" என்று மடக்கினாய். மேகம் உட்கார்ந்து எழுந்து போன இடத்தில் இது படிகிறது என்பது உன் கட்சி. "மேகத்துக்கு உக்கார மணைப்பலகை கேக்குதாக்கும்" என்றேன். மாரமங்கலம் பாதையில் பாதி நாள் இதே வாக்குவாதம். காய்ச்சலில் படுத்திருந்தபோதுகூட, "தேமலா, மேகமா? இப்பவாச்சும் ஒத்துக்க" என்று கேட்டாயே. ஒத்துக்கொள்ளாமலேதான் உன்னை அனுப்பினேன்.

இப்போது கேள். போன மழைக்கு, கீழ்நாட்டுக் காலேஜ் ஒன்றிலிருந்து பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு ஒரு டீச்சரம்மா வந்திருந்தார். நம்ம காப்பித் தோட்டத்துக்குக் கீழே ஓடை இருக்கிறதல்லவா, அங்கே குப்புறப் படுத்துக்கொண்டு கண்ணாடி வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார். பாம்பு ஏதாவது தீண்டி விழுந்து கிடக்கிறாரோ என்று நான் ஓடினேன்.

"ஒண்ணுமில்லைங்க ஐயா, இதைப் பாருங்க" என்றார். ஈரக்கல்லில் பச்சைத் தோலை அப்பி வைத்த மாதிரி படர்ந்திருக்குமே, நாம் எத்தனை தடவை வழுக்கி விழுந்திருப்போம், அதுதான். கண்ணாடிக்குள் பார்த்தால் மேலே குட்டிக் குட்டிக் கிண்ணம் மச்சான்! "ஈரல் மாதிரி இருக்கறதால ஈரல் பேரை வெச்சே கூப்பிடறோம். இதுக்கு வேர், தண்டு, இலைன்னு பாகமே கிடையாதுங்க. உடம்பு பூரா ஒண்ணுதான்" என்றார் டீச்சரம்மா.

நம்ம சண்டையும் அதுதானே! வீட்டுக்கு ஓடி, கொல்லைப் பலாமரத்திலிருந்து ஒரு துண்டு கல்பாசியைப் பெயர்த்துக்கொண்டு வந்து நீட்டினேன். "இதுக்கு வேரு எங்கீங்க அம்மணி?"

"இதுக்கும் இல்லைங்க. ஆனா இது ஒண்ணு இல்லை, ரெண்டு" என்றார்.

ரெண்டு! வெளியில் இருப்பது காளான் வகையாம். உள்ளே அதன் நூல் மாதிரி இழைகளுக்கு நடுவில் குடியிருப்பது பாசியாம், குளத்தில் இருக்கிற பாசிக்குச் சொந்தம். காளான் வீடு கட்டி ஈரத்தைப் பிடித்துவைக்கிறது. பாசி வெயிலை வைத்துச் சோறாக்குகிறது. ரெண்டும் கலந்து ஒரே உடம்பாகிக் கிடக்கிறது. பின்னாலேயே வந்து நின்ற ஆரோக்கியம், "அப்ப குடித்தனம் பண்ணுதுங்கறீங்க" என்றாள். "ஆமாங்கம்மா, சண்டையில்லாத குடித்தனம்." "அப்ப அது எங்கூட்டுக் கதை இல்லீங்க" என்றாளே பார்! காலேஜ் பிள்ளைகளெல்லாம் கொல்லென்று சிரித்தார்கள்.

மரத்திலிருந்து அது ஒன்றும் எடுப்பதில்லையாம், உட்கார இடம் போதுமாம். ஆக, தேமலும் இல்லை, மேகமும் இல்லை. நாம் ரெண்டு பேருமே தோற்றுவிட்டோம் மச்சான்! இத்தனை சந்தோசமாகத் தோற்றது என் ஆயுசில் இதுதான். யாரிடம் ஓடிப்போய்ச் சொல்வது? நீ இல்லையே.

சரி, உன் கல்லுக்கு வருகிறேன். அதில்தான் இந்த வாரம் பெரிய ரகளை.

கல்லறைத் திருநாள் வருகிறதென்று உன் மகன் ராசு சேலத்திலிருந்து முதல் பஸ்ஸில் வந்துவிட்டான். கையில் கம்பி பிரஷ், ஒரு வாளி சுண்ணாம்பு. நேராகக் கல்லறைத் தோட்டத்துக்கே போயிருக்கிறான். விடிய விடிய மழை. நானும் ஆரோக்கியமும் களைக்கொத்தோடு போய்ச் சேர்ந்தபோது, அவன் கல்லின் மேல்பாதியைத் தேய்த்து முடித்திருந்தான்.

மழையில் கல் பூராவும் பச்சையும் சாம்பலுமாக ஊறிக் கிடந்தது. கிட்டத்தில் போய்ப் பார்த்தேன். பார்த்ததும் போட்டேன் ஒரு கத்து: "நிறுத்து கண்ணு! நிறுத்து சாமி!"

அவன் பதறிப்போய், "ஏனுங்க மாமா, தேளா?" என்றான்.

"தேளுமில்ல, கீளுமில்ல. அதைத் தேய்க்காத!"

"சொறி புடிச்ச மாதிரி இருக்குதுங்க மாமா. நாளைக்கு ஊரே மெழுகுவத்தி வெக்க வரும். சூசை மவன் சேலத்துல சம்பாரிக்கறான், அப்பன் கல்லைக் கழுவ நாதியில்லைன்னு பேசுவாங்க. போன வருசமே வெள்ளக்கடை ஊருச் சித்தப்பா எல்லாரு முன்னாலயும் கேட்டுட்டாருங்க. நான் எந்த மூஞ்சிய வெச்சுக்கிட்டு நிக்கறது?"

அவன் சொன்னதும் நியாயம்தானே? பாசி படிந்த கல் என்றால் யாரும் எட்டிப் பார்க்காத கல் என்றுதான் அர்த்தம். எல்லாக் கல்லும் வெள்ளை வெளேரென்று நிற்கும்போது ஒன்று மட்டும் இப்படி நின்றால் பிள்ளைக்குத்தான் தலைகுனிவு. எனக்கு மட்டும் அது தலைகுனிவாகத் தெரியவில்லை. தெரிந்ததை எப்படிச் சொல்வது என்றும் தெரியவில்லை. பிரஷைப் பிடித்துக்கொண்டு நான் ஒரு பக்கம், அவன் ஒரு பக்கம், சின்னப் பிள்ளைகள் மாதிரி இழுத்துக்கொண்டு நின்றோம்.

ஆரோக்கியம்தான் கீழே குனிந்து, அவன் தேய்த்துத் தள்ளிய துண்டு ஒன்றை எடுத்துத் திருப்பி அவன் உள்ளங்கையில் வைத்தாள். அந்தக் கறுத்த அடிப்பக்கம் மேலே தெரிய. "கறிக்குப் போடறியே, தெரியலியா?" என்றாள்.

அவன் ரொம்ப நேரம் பார்த்தான். முகர்ந்தான். "அப்பன் சாக்குல இருக்குமே, அதுங்களா அத்தை?"

"அதேதான் சாமி."

"கடையில பொட்டலமா வாங்கறமுங்க. காஞ்சுதான் பாத்திருக்கறன். உசுரோட இப்படிப் பச்சையா இருக்கும்னு தெரியாதுங்களே" என்றவன் அப்படியே ஈரத் தரையில் உட்கார்ந்துவிட்டான். இந்த மலையில் பிறந்த பிள்ளை. படிக்கவைக்க வேண்டுமென்று நீதான் சின்னதிலேயே ஹாஸ்டலுக்கு அனுப்பினாய். "அப்பனைத் தேய்ச்சுப்போட்டனே மாமா" என்று அழுதான்.

ஆனால் சந்தோசம் விட்டுவிடுமா? டீச்சரம்மா சொன்னதில் இன்னொன்றும் இருந்ததே! "அழாத கண்ணு. அதுக்குக் கை தனி, காலு தனின்னு கெடையாது. பிஞ்ச துண்டே முழு ஆளு. புடிச்ச எடத்துல உக்காந்தா அதுபாட்டுக்கு வளருமாம்" என்றேன். அவன் நம்பவில்லை. "நெசமாவா?" என்று அத்தையைத்தான் கேட்டான், என்னையில்லை.

மூன்று பேரும் மண்டிபோட்டு ஈரமண்ணில் கிடந்த துண்டுகளைப் பொறுக்கினோம். கல்லில் உளி கொத்திய குழி, கீறல், வெடிப்பு எல்லாவற்றிலும் ராசு ஒவ்வொன்றாக விரலால் அழுத்தி வைத்தான். மிச்சமான துண்டுகளை என்ன செய்வது? குழம்பில் போடவா முடியும்? தூக்கி எறியவா மனசு வரும்? "அண்ணனைத் தாளிச்ச பாவம் எனக்கு வேண்டாமுங்க" என்றாள் ஆரோக்கியம். அழுதுகொண்டிருந்தவன் சிரித்துவிட்டான். மிச்சத்தைப் பக்கத்தில் உன் பெண்டாட்டி கல்லில் வைத்தோம். சிலுவைக்கும் சுற்றுக்கட்டுக்கும் மட்டும் சுண்ணாம்பு அடித்தான். வாளியில் பாதி அப்படியே இருந்தது.

திருநாள் சாயங்காலம் ஊர் பூராவும் வந்தது. வெள்ளக்கடைச் சித்தப்பா உன் கல் முன்னால் நின்று, தொண்டையைச் செருமிக்கொண்டு, "ஏம்ப்பா ராசு, இந்த வருசமும் கழுவலியா?" என்றார். நான் வாயைத் திறப்பதற்குள் உன் மகன் முந்திக்கொண்டான்.

"அழுக்கில்லீங்க சித்தப்பா. எங்கப்பன் வெள்ளாமை."

அதைக் கேட்க நீ இல்லையே என்று இந்தத் தடவை சொல்லமாட்டேன் மச்சான். கேட்டிருப்பாய்.

இனி எந்தத் திருநாளுக்கும் சுண்ணாம்பு வாளிக்கு முன்னால் அந்தத் தோட்டத்துக்குப் போய் நிற்கிற ஆள் நான்தான். எனக்குப் பிறகு ராசு நிற்பான், கேட்டுவிட்டேன். ஒட்டிய துண்டுகளில் எது பிடித்தது, எது விட்டது என்று ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் வந்து உன்னிடமே சொல்கிறேன். இது சத்தியம்.

உன்னோடு சேர்ந்து தோற்ற,
உன் தங்கச்சி புருசன்,
அந்தோணி மாப்பிள்ளை

(எழுதிக் கொடுத்தவள் உன் ஆரோக்கியம். மேலே எங்கள் குடித்தனம் பற்றி நான் சொன்னதாக இவர் சொன்னதை அப்படியே எழுதிவிட்டேன் அண்ணா. பாதிதான் நெசம்.)