அடியாற்று நாட்டுக்கு ஒரு ஜாமீன்

என் கோமதி அக்காவுக்கு,

உங்களை நான் பார்த்ததில்லை. நீங்கள் போய் ஒரு வருஷம் கழித்துத்தான் களக்காட்டிலிருந்து இந்தத் தச்சநல்லூர் வீட்டுக்கு இளையாளாக வந்தேன். உங்கள் விலாசம் எனக்குத் தெரியாது. அதனால் பெண்கள் பத்திரிகைக்கு அனுப்புகிறேன். படிக்கிறவர்கள் படித்துக்கொள்ளட்டும்.

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். எனக்கு உங்கள்மேல் பொறாமை. உயிரோடு இருக்கிற சக்களத்தி என்றால் சண்டை போடலாம், இரண்டு நாள் பேசாமல் இருக்கலாம். உங்களை என்ன செய்ய? புதுச்சேலை வந்தால் உங்களுக்கு வைத்துக் கும்பிட்ட பிறகுதான் நான் உடுத்தவேண்டும். இந்தத் தீபாவளிக்கு வந்த பச்சைச் சேலையை எவ்வளவு ஆசையாகப் பார்த்தேன் தெரியுமா? எடுத்துக் கட்டும்போது நீங்கள் உடுத்திக் களைந்ததைக் கட்டுகிற மாதிரியே இருந்தது.

சொதி வைத்தால், "நல்லாத்தான் இருக்கு. அவ கூட இஞ்சிப் பச்சடியும் வப்பா" என்பார் உங்களவர். மறுவாரம் இஞ்சிப் பச்சடியும் வைத்தேன். "அவ கொஞ்சம் வெல்லம் போடுவா" என்றார். முன்சீப் கோர்ட்டில் அவர் வெறும் குமாஸ்தா. வீட்டில்தான் ஜட்ஜு, தீர்ப்பெல்லாம் உங்கள் பக்கம்.

அதையெல்லாம்கூடப் பொறுத்துக்கொண்டேன். உங்கள் மகள் உலகுவிடம்தான் தோற்றுப்போனேன். தலை பின்ன உட்காருவாள், சோறு போட்டால் சாப்பிடுவாள், கேட்டதற்குப் பதில் சொல்லுவாள். அதற்குமேல் ஒரு சொல் கிடையாது. ஆனால் முற்றத்தில் மரப்பாச்சிகளோடு உட்கார்ந்துவிட்டால் வாய் ஓயாது. அடுப்படியிலிருந்து காதைத் தீட்டிக்கொண்டு கேட்பேன். அப்படித்தான் நீங்கள் அவளுக்குச் சொன்ன அடியாற்று நாடு எனக்குத் தெரியவந்தது.

தாமிரபரணிக்கு அடியில் இன்னொரு நாடு. அங்கே ஆறு ஒரு பெரிய மிருகமாகப் படுத்துத் தூங்கும். அதன் தொண்டைக்குள் ஒரு விளக்கு. வருஷத்துக்கு ஒருதரம் அது அணைந்துபோகும். யாராவது ஒருத்தி அந்த வாய்க்குள் நடந்துபோய் ஏற்றிவிட்டுத் திரும்பவேண்டும். நடுவில் மிருகம் விழித்துக்கொண்டால் அவ்வளவுதான். உள்ளே போகிறவளுக்குக் காப்பாக ஒரு மந்திரம் உண்டு. தனக்குத் தானே அதைச் சொல்லிக்கொள்ள முடியாது. வேறொருத்தி வெளியே நின்று, போகிறவள் பேரைச் சொல்லி, தன் பேரைப் பிணையாக வைத்து, அவள் திரும்பும்வரை நிறுத்தாமல் சொல்லவேண்டும்.

இப்படியெல்லாம் எப்படி அக்கா உங்களுக்குத் தோன்றியது? நானும் பள்ளிக்கூடம் போனவள்தான். ஒரு ராத்திரி உலகுவுக்கு நானாக ஒரு ராஜகுமாரி கதை சொன்னேன். பாதியிலேயே தூங்கிவிட்டாள். மந்திரத்தை மட்டும் என் காதுபடச் சொல்ல மாட்டாள். அந்த இடம் வந்ததும் மரப்பாச்சியின் காதில் குசுகுசுப்பாள். மரக்கட்டைக்கு இருக்கிற உரிமை எனக்கு இல்லையே என்று வயிறு எரியும்.

அந்த வயிற்றில் பிள்ளை வந்தது. எனக்குத் தாய் இல்லை, அண்ணன் வீட்டில் மதினி படுத்த படுக்கை. அதனால் பிரசவம் இங்கேயே என்று ஆயிற்று. இங்கே என்றால் அந்த உள்ளறைதான். இரண்டாவது பிள்ளைக்காக நீங்கள் உள்ளே போனீர்களே, நீங்களும் வரவில்லை, பிள்ளையும் வரவில்லை. மாதம் ஏற ஏற அந்தக் கதவைத் தாண்டவேண்டி வந்தால் முகத்தைத் திருப்பிக்கொண்டு போவேன். பயம் என்று யாரிடமும் சொல்லவில்லை. உங்களுக்கு மட்டும் தெரிந்திருக்குமோ என்னவோ.

வலி கண்ட அன்று காலையில் மருத்துவச்சி வந்து அறையைக் கழுவிவிட்டாள். உலகுவைப் பக்கத்து வீட்டுக்கு அனுப்பச் சொன்னாள். அவள் நிலைக்கட்டையைப் பிடித்துக்கொண்டு நகரவே இல்லை. நான் உள்ளே போகிற நேரம் என் சேலையைப் பிடித்து இழுத்தாள்.

"சித்தி, உங்க பேரு என்ன?"

வந்து இத்தனை காலம் ஆகிறது அக்கா. இவருக்கு நான் "ஏளா", அவளுக்குச் சித்தி, தெருவுக்கு இளையவள். என் பேரை இந்த வீட்டில் யாரும் கேட்டதில்லை.

"சிவகாமி" என்றேன்.

"பயப்படாதிய. நான் வெளிய நின்னு சொல்லுதேன், நிறுத்த மாட்டேன். அன்னைக்கு என்னைய அடுத்த வீட்டுல கொண்டு விட்டுட்டாவ. அம்மாவுக்குச் சொல்ல ஆளில்லாமப் போச்சு."

கதவைச் சாத்தினார்கள். வலிக்கு நடுவே அந்தக் குரல் கேட்டுக்கொண்டே இருந்தது. "நீரே விலகு, நெருப்பே விலகு, சிவகாமி போகிற வழியில் இருட்டே விலகு. திரும்பி வருவாள், இதற்கு நான் ஜாமீன்." கோர்ட்டுக் குமாஸ்தா பெண்டாட்டி இல்லையா நீங்கள், மந்திரத்துக்குள்ளேயும் ஜாமீன் வைத்துவிட்டீர்கள்! அந்த நிலையிலும் எனக்குச் சிரிப்பு வந்தது. அதற்குப் பிறகு அவள் சொன்ன பேர் மட்டும் காதில் விழவில்லை. மத்தியானத்துக்குள் குரல் கம்மிப்போய்விட்டது, நிற்கவில்லை. வெயில் சாய்கிற நேரத்தில் ஆண்பிள்ளை பிறந்தான். நானும் திரும்பி வந்தேன்.

தீட்டுக் கழிந்ததும் உலகு பிள்ளையை மடியில் வாங்கிக்கொண்டாள். யாரை ஜாமீன் வைத்தாய் என்று கேட்டேன்.

"என் பேரைத்தான். பொறவு, சின்னப்பிள்ள சொன்னா ஆறு கேக்காதோன்னு அம்மா பேரையும் சேத்துக்கிட்டேன்."

நன்றி வரவேண்டிய இடம்தானே அக்கா? எனக்குப் பொறாமைதான் வந்தது. சேலை உங்களைத் தாண்டி வருகிறது, சொதி உங்களைத் தாண்டி வருகிறது, கடைசியில் என் உயிரும் உங்களைத் தாண்டித்தான் வரவேண்டுமா? உங்களுக்கென்று ஜாமீன் நிற்க ஒருத்தரும் இல்லாதபோது எனக்கு நின்றிருக்கிறீர்களே. பிள்ளைக்குப் பால் கொடுத்துக்கொண்டே நெடுநேரம் அழுதேன்.

ஒன்று சொல்கிறேன். உலகுவும் ஒருநாள் அந்த மாதிரி அறைக்குள் போவாள். அன்றைக்கு யார் தடுத்தாலும் வாசலில் நான் நிற்பேன், தொண்டை போனாலும் நிறுத்த மாட்டேன். உங்கள் பேரையும் சொல்லுவேன். ஆனால் சேலையை முதலில் உங்களுக்கு வைத்தாயிற்று, அம்மா என்கிற சொல்லும் உங்களுக்கே இருக்கட்டும். அந்த ஜாமீனில் மட்டும் முதல் பேர் என்னுடையது. இரண்டாவதாக நில்லுங்கள் அக்கா.

உங்கள் மகளுக்குச் சித்தி,
உங்களுக்குத் தங்கச்சி,
சிவகாமி