பீட்டர் துரைக்குக் கொடுத்த மருந்து

ஐப்பசி 11, திங்கள்

விடிந்ததிலிருந்து தூறல். ஓசூர்க் குளிர் எலும்பு வரை போகிறது. கமலத்துக்குப் பல்வலி, ஆஸ்பத்திரியிலிருந்து கிராம்புத் தைலம் எடுத்து வரச் சொல்லியிருந்தாள். மறந்துவிட்டேன். வாங்கிக் கட்டிக்கொண்டேன்.

மறந்த காரணத்தை அவளிடம் சொல்லவில்லை. இங்கே மட்டும் எழுதுகிறேன். இந்த நோட்டை இனி அரிசிப் பானைக்குப் பின்னால் வைக்க வேண்டும்.

மாலை நாலு மணிக்கு முனியப்பா வந்தார். பீட்டர் துரையின் சமையல்காரர். துரையின் இருதய மருந்து காலி, நிரப்பித் தரச் சொன்னார் என்றார். பாட்டிலைக் கையில் வாங்கியதும்தான் பார்த்தேன். அதன் முதுகில் ஆறு பல் காகிதம்.

திருப்பி இன்னொரு தடவை எண்ணினேன். ஆறுதான்.

வெள்ளைத் தாளை மடித்து, ஓரத்தில் பல் பல்லாக வெட்டி, பாட்டிலில் ஒட்டுவது கம்பவுண்டர்கள் வழக்கம். மருந்து ஒரு பல் இறங்கினால் ஒரு வேளை. எழுத்துத் தெரியாதவருக்கும் தெரியும். துரையின் பாட்டில் பன்னிரண்டு வேளைக்கு. பன்னிரண்டு பல் வெட்டிய தாள் தீர்ந்துபோனால் நான் ஆறு பல்லை ஒட்டி, "வேளைக்கு அரைப் பல்" என்று வாயால் சொல்லி அனுப்புவேன். தமிழோ தெலுங்கோ கன்னடமோ, வந்தவர் பாஷையில். நாலு வருஷமாக இந்தச் சோம்பேறித்தனம். டாக்டருக்குத் தெரியாது. போன வியாழன் பன்னிரண்டு பல் டப்பா காலி.

முனியப்பாவிடம் சொன்னேனா? யோசித்து யோசித்து மண்டை காய்கிறது. ஞாபகம் இல்லை.

துரை எப்படிக் குடிக்கிறார் என்று சும்மா கேட்பதுபோலக் கேட்டேன்.

"கோடு தப்பாம குடிக்கிறாருங்க. வேளைக்கு ஒரு பல்லு. கடியாரம் பாத்து."

அப்படியானால் இரட்டிப்பு. வியாழன் கொடுத்த பாட்டில் சனிக்கே தீர்ந்து, சந்தைக் கூட்டத்தில் நானே நிமிர்ந்து பார்க்காமல் மறுபடி நிரப்பிக் கொடுத்திருக்கிறேன். ரிஜிஸ்டரில் என் கையெழுத்து. நாலு நாள். அந்த மருந்து அளவோடு போனால் இருதயத்தை நிதானப்படுத்தும். மீறினால் நிறுத்திவிடும்.

டா. உள்ளே ஒரு குழந்தைக்குக் காது பார்த்துக்கொண்டிருந்தார். பத்தடி தூரம். போய்ச் சொல்லியிருக்கலாம். நான் செய்தது: தண்ணீர், சிவப்புக்கு ஏலக்காய் டிங்க்சர். மருந்து ஒரு சொட்டு இல்லை. புதுத் தாள் வெட்டிப் பன்னிரண்டு பல் ஒட்டி முனியப்பா கையில் கொடுத்துவிட்டேன்.

ஐப்பசி 12, செவ்வாய்

மழை இல்லை. தைலம் கொண்டு வந்துவிட்டேன்.

காலையில் மைதானத்துக்குப் போனேன். ஃபுட்பால் டீம் செக்ரெட்டரி என்ற முறையில் போகக் காரணம் இருக்கிறது. ஞாயிறு பெங்களூர் மில் டீமோடு மேட்ச். உண்மையில் போனது துரை உயிரோடு இருக்கிறாரா என்று பார்க்க.

இருந்தார். நாற்காலி போட்டு உட்கார்ந்து, ஆடுகிற பையன்களுக்குச் சொல்லிக்கொடுத்துக் கத்திக்கொண்டிருந்தார். ஓடக் கூடாது என்று டா. சொல்லிவிட்டதால் நாற்காலி. முகம் வெளிறியிருந்தது. காலைச் சாப்பாடு வயிற்றில் தங்கவில்லை என்றார். பக்கத்தில் உட்காரச் சொன்னார்.

சொந்தப் பேர் பீட். ஊர் அவரைப் பீட்டர் ஆக்கிவிட்டது, இங்கிலீஷ்காரர் என்றும் முடிவு கட்டிவிட்டது. ஹாலந்து என்றால் இங்கே யாருக்கும் தெரியாது. பால் பண்ணைக்கு மெஷின் மாட்ட ஆறு மாதத்துக்கு வந்தவர், மூன்று வருஷமாகிறது. அவர் ஊரில் பெரிய ஹாஃப், நடுவில் ஆடுகிறவர். நாட்டு டீம் சட்டை, ஆரஞ்சு நிறம், நாலு தடவை போட்டவர். முன்னால் ஆடுகிறவன் கோல் போட்டால் பேர், பின்னால் நிற்கிறவன் விட்டால் திட்டு, நடுவில் ஓடுகிறவனை யாரும் பார்ப்பதில்லை என்பார். நம் பஸ் கண்டக்டர் நஞ்சப்பாவுக்கு அவர் சொல்லித் தரும் தமிழ் இது: "நடு ஆள் பந்து பாக்காதே. இடம் பாரு."

இன்று, நான் கேட்காமலே, நாட்டை விட்டுப் போன கதையைச் சொன்னார். அங்கே அப்போது ஆட்டத்துக்குச் சம்பளம் வாங்கக் கூடாதாம். ஆனால் எல்லோரும் ரகசியமாக வாங்கினார்களாம், பூட்ஸுக்குள் வைத்துக் கொடுப்பார்களாம். இவர் பிரான்ஸ் போய், சம்பளத்துக்கு ஆடுகிறேன் என்று வெளிப்படையாகச் சொன்னார். இனி நாட்டுக்கு ஆடக் கூடாது என்று தள்ளிவைத்துவிட்டார்கள். பூட்ஸுக்குள் வாங்கியவர்கள் தொடர்ந்து ஆடினார்கள். அப்புறம் சட்டம் மாறியது, எல்லோரும் வாங்கலாம் என்று. மாறிய வருஷம் இவருக்கு முட்டி போயிருந்தது, யாரும் கூப்பிடவில்லை. வருத்தமா என்று கேட்டேன். சொன்னதில் வருத்தம் இல்லை, ஊருக்குத் திரும்பினபோது அம்மா மட்டும்தான் ஸ்டேஷனுக்கு வந்தாள், அதில்தான் என்றார்.

பிறகு சாதாரணமாகக் கேட்டார், புதுப் பாட்டிலில் கோடுகள் நெருக்கமாக இருக்கின்றனவே, ஏன் என்று. கழுகுக் கண்.

டா. அளவைக் குறைத்திருக்கிறார் என்றேன். நாக்கு தடுமாறவே இல்லை. அதுதான் பயமாக இருக்கிறது.

ஐப்பசி 13, புதன்

முனியப்பா வந்து சொன்னது: துரைக்கு எல்லாம் மஞ்சளாகத் தெரிகிறதாம். மைதானத்தில் போட்ட சுண்ணாம்புக் கோடு மஞ்சள், தட்டில் சோறு மஞ்சள், முனியப்பாவின் வேட்டி மஞ்சள். கடைத்தெரு முழுக்க மஞ்சள்காமாலை என்று தீர்ப்புச் சொல்லியாகிவிட்டது. முனியப்பாவும் கீழாநெல்லியை அரைத்து மோரில் கலக்கிக் கொடுத்துவிட்டாராம்.

டா. சாப்பிடப் போன நேரத்தில் அவருடைய தடிப் புத்தகத்தை எடுத்துப் பார்த்தேன். என் இங்கிலீஷுக்குக்கூடப் புரிந்தது. குமட்டல், நாடி தளர்தல், மஞ்சளாகத் தெரிதல். அளவு மீறியதன் அடையாளம். அதற்கடுத்த வரி: மருந்தை நிறுத்தினாலும் உடம்பை விட்டுப் போகப் பல நாளாகும்.

ஆக, நான் தண்ணீர் கொடுத்தும் பயனில்லை.

வீட்டுக்கு வரும்போது போலீஸ் ஸ்டேஷன் வாசலில் கள்ளச் சாராயக் கேஸ் ஒருவனை உட்கார வைத்திருந்தார்கள். என்னைப் பார்த்து, கம்பவுண்டரய்யா, ஒரு பீடி கிடைக்குமா என்றான். ஓட்டமாக வந்துவிட்டேன்.

சாப்பிடவில்லை. கமலம் என்னவென்று கேட்டாள். வாயுத் தொந்தரவு என்றேன்.

ஐப்பசி 14, வியாழன்

டா. துரை வீட்டுக்குப் போனார், பையைத் தூக்கிக்கொண்டு நானும். துரை சிரிக்கப் பார்த்தார். டா. வெகுநேரம் நெஞ்சில் குழாய் வைத்துக் கேட்டார். நாடி 46. நடுநடுவே ஒன்று தவறுகிறது.

வாசலுக்கு வந்து என்னிடம் இங்கிலீஷில் சொன்னார், நாம் கொடுக்கிற சின்ன அளவுக்கு இப்படி ஆகாது, நோய்தான் முற்றுகிறது என்று. சீட்டு எழுதினார். பழைய அளவைப் போல ஒன்றரை மடங்கு.

அந்த இடம்தான். அங்கே சொல்லியிருக்க வேண்டும். வாயைத் திறந்தேன். "சரி சார்" என்று வந்தது.

மறுபடி சிவப்புத் தண்ணீர் கலக்கினேன். டா. பக்கத்தில் நின்று சேலத்தில் ஒரு கல்யாணத்துக்குப் போன கதையைச் சொல்லிக்கொண்டிருந்தார். இருதய மருந்துப் பாட்டிலை எடுத்துச் சாய்ப்பதுபோல நடித்தேன். இப்படி ஒரு கைவேலை எனக்கு வரும் என்று தெரியாது.

பயப்படுகிறவை, எழுதியாவது பார்க்கிறேன்:
துரை செத்துப்போவது.
செத்த பிறகு பாட்டிலைச் சோதிப்பது.
சாகாமல் டா. கண்டுபிடிப்பது.
ஜெயில். கமலம் ராயக்கோட்டையில் அண்ணன் வீட்டுத் தயவில்.
முதல் வரியில் துரையை எழுதினேன். ஆனால் நினைப்பு முதலில் போனது ஜெயிலுக்கு. பொய் எழுதி என்ன ஆகப்போகிறது, நோட்டு என்னுடையதுதானே.

ஐப்பசி 15, வெள்ளி

சானமாவு காட்டிலிருந்து யானை இறங்கியிருக்கிறது, ராகி வயலை மிதித்துவிட்டது என்று காலிலே அடிபட்டு இரண்டு பேர் வந்தார்கள். கட்டுப் போட்டேன். அவர்கள் பயத்தைச் சொல்லச் சொல்ல எனக்குப் பொறாமையாக இருந்தது. அவர்கள் பயந்த பொருள் கண்ணுக்குத் தெரிகிறது.

இன்று ஒரு கெட்ட யோசனை வந்தது. முனியப்பாவிடம் அரைப் பல் என்று சொன்னேன், அவர்தான் மறந்துவிட்டார் என்று சொல்லிவிடலாம். யார் மறுப்பார்கள்? அவருக்கே நிச்சயம் இருக்காது. எழுத்துத் தெரியாத மனிதர். டா. நம்புவார். மத்தியானம் முழுக்க அந்த யோசனையோடு இருந்தேன், நன்றாகப் பசித்தது. மூன்று நாளில் முதல் தடவையாக இரண்டு தட்டு சாப்பிட்டேன்.

நஞ்சப்பா வந்து சொன்னான், துரை எழுந்து மைதானத்துக்கு வந்துவிட்டார், நாளை ஒரு பத்து நிமிஷம் தானே இறங்கி ஆடிக் காட்டப் போகிறாராம். போய்த் தடு என்றேன். நீங்களே வந்து சொல்லுங்க, நீங்கதான் டாக்டர் ஆளு என்றான். போகவில்லை.

ஐப்பசி 16, சனி

எழுதிவிட வேண்டும், அப்படியே.

காலை எட்டு மணிக்கு மைதானத்தில் விழுந்துவிட்டார். ஆடவில்லை, நாற்காலியிலிருந்து எழுந்தாராம், அவ்வளவுதான். கட்டிலில் தூக்கிக்கொண்டு வீட்டுக்குக் கொண்டுபோனார்கள். டா.வும் நானும் ஓடினோம். நாடி 38. உதடு நீலம். கண் திறந்திருந்தது, எங்களைத் தெரிந்தது.

டா. கை நீட்டி ஒரு கண்ணாடி ஆம்பூல் கேட்டார். அதே மருந்து, ஊசியாக. நேரே ரத்தத்துக்கு. நான் எடுத்துக் கொடுத்தேன். ஆமாம், கொடுத்தேன். டா. ஆம்பூலின் கழுத்தை அறுக்கச் சின்ன ரம்பத்தை வைத்தார். ஆம்பூல் கண்ணாடியில் அந்தச் சத்தம், கிரீச்சென்று. அதைக் கேட்டதும் என் கை தானாகப் போய் டா.வின் மணிக்கட்டைப் பிடித்துவிட்டது.

"சார், வேண்டாம். போன வாரம் வியாழக்கிழமையிலேர்ந்து இந்தத் திங்கள் வரைக்கும் டபுள் டோஸ் போயிருக்கு. பன்னிரண்டு பல் தாள் தீந்தா ஆறு ஒட்டி, அரைப் பல்லுன்னு வாயால சொல்லி அனுப்புவேன், துரைக்கும் ஆறுதான் ஒட்டினேன். அப்புறம் கொடுத்ததெல்லாம் தண்ணி."

டா. என்னைப் பார்த்தார். வாசற்படியில் முனியப்பா சொம்போடு நின்றிருந்தார். டா. அவரைத் திரும்பிப் பார்த்து, என்னிடம் கேட்டார்.

"இவர்கிட்ட அரைப் பல்லுன்னு சொல்லி அனுப்பினியா இல்லையா?"

முனியப்பா சொம்பைக் கீழே வைத்துவிட்டார். அவர் முகத்தில் நான் தினமும் கண்ணாடியில் பார்க்கிற அதே பயம். அவர் தன்னையே சந்தேகப்படுவது தெரிந்தது.

"இல்லீங்க சார். சொல்லல" என்றேன். ஞாபகம் இல்லை என்பதுதான் நிஜம். ஆனால் அங்கே அப்படிச் சொன்னால் பாதிப் பழி அவர் தலையில் போயிருக்கும்.

டா. அந்த ஆம்பூலை மேஜைமேல் வைத்துவிட்டு வேறு மருந்தை ஊசி போட்டார். என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை.

துரைக்கு நாங்கள் பேசிய தமிழ் எவ்வளவு புரிந்ததோ. என்னை இங்கிலீஷில் கேட்டார், உனக்கு எப்போது தெரியும் என்று. திங்கள்கிழமை என்றேன். விரலை மடக்கி எண்ணினார். செவ்வாய் நான் பக்கத்தில் உட்கார்ந்து அவர் கதையைக் கேட்டதும் அதில் வந்திருக்கும். சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார்.

கமலத்திடம் எல்லாம் சொல்லிவிட்டேன். அழுதாள். பிறகு, முனியப்பாவை மாட்டிவிடாமல் வந்தீர்களே என்றாள், அதற்கும் அழுதாள்.

ஐப்பசி 17, ஞாயிறு

டா. பாகலூருக்குப் பிரசவம் பார்க்கப் போகிறார். போகும்போது சொன்னது: "உன்னை அனுப்பிட்டா இங்க நாடி எண்ண எனக்கு வேற ஆள் இல்ல. மணிக்கொரு தரம் எண்ணி எழுதி வை. உன் விஷயம் அப்புறம்." துரை வீட்டுக்கு இந்த நோட்டைத்தான் கொண்டு வந்திருக்கிறேன், வேறு தாள் இல்லை.

8 மணி. கையைத் தொட்டேன். துரை இழுத்துக்கொண்டார். முனியப்பாவின் பக்கம் நீட்டினார். முனியப்பாவுக்கு எண்ணத் தெரியாது. கடைசியில் இப்படிச் செய்தோம்: முனியப்பா நாடியில் விரல் வைத்து, ஒவ்வொரு அடிக்கும் இன்னொரு கையால் கட்டில் சட்டத்தைத் தட்டுகிறார். நான் கடிகாரத்தைப் பார்த்துத் தட்டலை எண்ணுகிறேன். 40.

9 மணி. 40. இரண்டு தட்டல் வராமல் போயின. அந்த இடைவெளியில் நொடி முள்ளையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

10 மணி. 41. இளநீர் குடித்தார். வாந்தி இல்லை.

11 மணி. 39. டா.வுக்கு ஆள் அனுப்பலாமா? பாகலூர் போக ஆள் இல்லை, எல்லோரும் மேட்சுக்கு மைதானம் தயார் செய்கிறார்கள். முனியப்பா தெலுங்கில் ஏதோ சாமியைக் கூப்பிட்டார். நானும் கூப்பிட்டேன், என் பாஷையில்.

12 மணி. 43.

1 மணி. 44. முனியப்பா எனக்கும் சோறு போட்டார். வேண்டாம் என்றேன். "சாப்புடுங்க. நீங்க சாஞ்சிட்டா யாருங்க எண்றது?" சாப்பிட்டேன்.

2 மணி. 47. தவறல் ஒன்றே ஒன்று.

3 மணி. 48. மேட்ச் ஆரம்பம். சத்தம் இங்கே வரை கேட்கிறது. துரை கண்ணை மூடி அதையே கேட்கிறார். ஒரு தடவை, நஞ்சப்பா இடத்தை விட்டுவிட்டான் என்றார், என்னிடமில்லை, கூரையிடம். சத்தத்தை வைத்தே எப்படித் தெரிந்ததோ.

4 மணி. 51. சட்டம் தட்டித் தட்டி முனியப்பாவின் விரல் முட்டி சிவந்துவிட்டது.

5 மணி. முனியப்பா கொல்லைக்குப் போயிருந்தார், வரத் தாமதம். நான் கடிகாரத்தை வைத்துக்கொண்டு சும்மா நின்றேன். துரை கண்ணைத் திறந்து பார்த்தார். வேறு ஆள் இல்லாததால்தானோ என்னவோ, கையைப் போர்வைக்கு வெளியே எடுத்து என் பக்கம் வைத்தார். என் விரலுக்கு முதலில் நாடியே அகப்படவில்லை. பொறுத்துக்கொண்டு படுத்திருந்தார். 54.